முழுப் பேரும் அரைப் பேரும்

மாத்தளை

அன்புள்ள தம்பிக்கு,

உன் கடிதமும் அதோடு மடித்து வைத்திருந்த கணக்குத் தாளும் கிடைத்தன. அம்மா சுகமாக இருக்கிறார். முழங்கால் வலி மட்டும் மழைக்குக் கொஞ்சம் கூடியிருக்கிறது. மிளகுக் கொடிகளை நான் பார்த்துக்கொள்கிறேன், அதைப் பற்றி நீ யோசிக்காதே.

கணக்குத் தாளை ஒன்றுக்கு இரண்டு தடவை பார்த்தேன். அமேசன் கிண்டிலில் உன் மின்னூல் ஒரு பிரதி 2.99 டொலர், அதில் 70 வீதம் உனக்கு, மாதம் 200 பிரதி, ஆக மாதம் 400 டொலருக்கு மேல். அதை நம்பி பின்நேர டியூஷன் வகுப்பை விடலாம் என்றும், அம்மாவின் சங்கிலியை அடகு வைத்து விளம்பரக் கம்பனி ஒன்றுக்கு 75,000 ரூபா கட்டலாம் என்றும் எழுதியிருக்கிறாய். பெருக்கல் சரிதான். அந்த 200 பேர் யார் என்றுதான் தாளில் எங்கேயும் இல்லை.

விலையில் தொடங்குகிற கணக்கு எப்போதும் பெரிதாகத்தான் வரும். நீ வாசகரில் தொடங்கு. ஒரு கொப்பியை எடுத்து, இந்தப் புத்தகத்தைக் காசு கொடுத்து வாங்கக்கூடியவர்களை நாடு வாரியாக எழுது. கனடாவில் யார், லண்டனில் யார், சிட்னியில் யார், இந்தியாவில் கூடலூரில் யார், இங்கே நம்ம பக்கம் யார். பெயர் தெரியாவிட்டால் எந்தக் கூட்டம் என்றாவது எழுது. நாடு வாரியாக எழுதச் சொல்வதற்குக் காரணம் உண்டு. ஒரே புத்தகம், ஒரே விலை என்றாலும் வாசகர் எந்த நாட்டில் இருந்து வாங்குகிறார் என்பதைப் பொறுத்து உனக்கு வரும் காசு மாறும்.

கொழுந்து நிறை குறைந்தால் அரைப் பேர்தான், அதாவது அரை நாள் சம்பளம்தான், போடுவார்கள் என்று அம்மா சொல்வது உனக்குத் தெரியும். அமேசனிலும் அதே போலத்தான். கிண்டிலில் நாமே புத்தகம் போடும் வசதி 2007இல் தொடங்கியபோது எழுதியவருக்கு 35 வீதம்தான். 70 வீதம் 2010இல் வந்தது. விலை 2.99 டொலருக்கும் 9.99 டொலருக்கும் இடையில் இருந்தால்தான் அந்த முழுப் பேர். அதுவும் அவர்கள் பட்டியலில் உள்ள நாடுகளில் விற்றால் மட்டும். கனடா, பிரித்தானியா, அவுஸ்திரேலியா, அமெரிக்கா எல்லாம் பட்டியலில் உண்டு. இலங்கை இல்லை. உன் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளின் அப்பா ஒருவர், டொலர் கழியும் வங்கி அட்டை வைத்திருந்து, எல்க்கடுவையில் இருந்தபடியே உன் புத்தகத்தை வாங்கினாலும் உனக்கு 35 வீதம்தான், அதாவது ஒரு டொலர் ஐந்து சதம்.

இந்தியா இன்னொரு மாதிரி. அங்கே 70 வீதம் வேண்டுமானால் செலக்ட் என்ற திட்டத்தில் புத்தகத்தைச் சேர்க்க வேண்டும். சேர்த்தால் 90 நாளைக்கு அந்தப் புத்தகம் மின்வடிவில் வேறு கடையிலோ இணையத்தளத்திலோ இருக்கக்கூடாது. விற்பனைக்கும் கூடாது, இலவசமாகவும் கூடாது. அச்சுப் புத்தகத்துக்கு அந்தத் தடை இல்லை. சேராவிட்டால் இந்திய வாசகரிடம் இருந்தும் அரைப் பேர்தான்.

அடுத்தது நிறை. உன் கையெழுத்துப் பிரதியில் படங்கள் நிறைய இருப்பதால் இதைக் கவனமாக வாசி. 70 வீதம் எடுப்பவரிடம் அமேசன் கோப்பை அனுப்பும் செலவையும் கழிக்கும். அமெரிக்கக் கடையில் ஒரு மெகாபைட்டுக்கு 15 சதம், இந்தியாவில் 7 இந்திய ரூபாய். நீ படங்களை அப்படியே வைத்து கோப்பு 10 மெகாபைட் ஆனால் 2.99இல் 1.50 போய்விடும். மிச்சம் 1.49இன் 70 வீதம், ஒரு டொலர் நான்கு சதம். 35 வீதத்துக்கு அந்தக் கழிவு இல்லை, அதில் உனக்கு ஒரு டொலர் ஐந்து சதம் வந்திருக்கும். படங்களைச் சுருக்கி 2 மெகாபைட்டுக்குக் கொண்டுவந்தால் அதே புத்தகம் 1.88 டொலர் தரும். ஒருநாள் பின்னேர வேலைதான் அது. செய்யாமல் விட்டால் ஒவ்வொரு பிரதியிலும் 84 சதம் போகும்.

கிண்டில் அன்லிமிடெட் பற்றிக் கேட்டிருந்தாய். செலக்டில் சேர்ந்த புத்தகங்களைச் சந்தா கட்டியவர்கள் தனியாக விலை கொடுக்காமல் வாசிக்கலாம். இந்தியாவில் அது 2015இல் வந்தது, இலங்கைக்கு இல்லை. அதில் நமக்குக் காசு வருவது வாசித்த பக்கங்களுக்கு. அந்த மாதம் ஒதுக்கிய நிதியைப் பொறுத்துப் பக்கத்தின் விலை மாறும். அமெரிக்கக் கடையிலேயே பக்கத்துக்கு அரைச் சதத்துக்கும் குறைவு, இந்தியாவில் பைசாக் கணக்கு. 150 பக்கத் தொகுப்பை ஒருவர் கடைசி வரை வாசித்தாலும் 75 சதத்தை எட்டாது. முதல் கதையோடு மூடிவிட்டால் அந்தச் சில பக்கங்களுக்கு மட்டும். அதனால் உன் தொகுப்பில் ஆகச் சிறந்ததை முன்னுக்கு வை. முன்னுரை, வாழ்த்துரை, அணிந்துரை என்று நம்ம ஊர்ப் புத்தகங்களில் முப்பது பக்கம் போகும். மின்னூலில் வேண்டாம். நன்றியைப் பின்னால் சொல்லிக்கொள்ளலாம்.

இனி அப்பாவின் கதைப் புத்தகம். அதையும் செலக்டில் போட்டு, அதற்காக நூலகம் தளத்தில் இருந்து எடுத்துவிடலாமா என்று கேட்கிறாய். வேண்டாம் தம்பி. நூலகம் 2005இல் தொடங்கியது. இலங்கைத் தமிழ்ப் புத்தகங்களையும் சஞ்சிகைகளையும் தேடித் தேடிப் படம் பிடித்து, யாரும் காசு கொடுக்காமல் வாசிக்க வைத்திருக்கிறார்கள். அப்பாவே சம்மதம் கொடுத்த புத்தகம் அது. அப்பாவின் புத்தகம் அச்சில் தீர்ந்து, பிரதி நம்ம வீட்டிலேயே ஒன்று மட்டும் மிஞ்சிய காலத்தில், பல்கலைக்கழகப் பிள்ளைகள் அப்பாவின் கதைகளை வாசித்தது அங்கேதான். சில நூறு இந்திய ரூபாய்க்காக அந்த வாசலை அடைக்க என் மனம் ஒப்பாது.

நூலகத்தில் இருந்தபடியே அதைக் கிண்டிலிலும் சாதாரணமாகப் போடலாம், செலக்டில் மட்டும் சேர்க்காமல். உரிமை நம்மிடம் இருக்கிறது. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி எழுதியவர் இறந்து 70 வருஷம் வரை உரிமை வாரிசுகளுக்கு உண்டு. ஆனால் வாரிசு என்றால் நீ மட்டும் இல்லை, அம்மாவும் நானும் சின்னவனும் இருக்கிறோம். யார் கணக்கில் போடுவது, வரும் காசு யாருக்கு என்று ஒரு தாளில் எழுதி எல்லாரும் கையெழுத்து வைப்போம். அப்பாவின் புத்தகத்தில் வருவது அம்மாவுக்கு. சின்னவனுக்கும் அதே எண்ணம்தான்.

நீ பார்த்த வீடியோவில் அமேசனின் விற்பனைத் தரவரிசை எண்ணைப் போட்டால் மாத விற்பனையைச் சொல்லும் கருவி ஒன்று வருகிறதே, அதை நம்பித்தான் 200 என்று எழுதினாயோ என்று நினைக்கிறேன். அந்தத் தரவரிசை மற்றப் புத்தகங்களோடு ஒப்பிட்டு அடிக்கடி மாறுவது. ஒவ்வொரு நாட்டுக் கடைக்கும் தனித்தனி. சந்தாவில் எடுத்ததும் அதில் சேரும். நாள் முழுக்க விற்றுக்கொண்டே இருக்கும் ஆங்கிலப் புத்தகங்களுக்கு அந்தக் கருவி ஓரளவு கிட்டத்தட்டச் சொல்லலாம். எப்போதாவது ஒன்று விற்கும் தமிழ்ப் புத்தகம் அப்படியில்லை, ஒரே ஒரு பிரதி போனாலே வரிசையில் பெரிய தாவல் தாவும். அந்த நேரம் பார்த்துக் கருவி சொல்லும் எண் வெறும் ஆசைதான்.

நான் போட்ட கணக்கை எழுதுகிறேன், உன்னுடையதோடு வைத்துப் பார். வருஷத்துக்கு 100 பேர் என்று வைத்துக்கொள்வோம். மாதத்துக்கு இல்லை. கனடா, லண்டன், அவுஸ்திரேலியாவில் 40 பேர், இந்தியாவில் 50 பேர், இலங்கையில் 10 பேர். கோப்பு 2 மெகாபைட், புதுப் புத்தகம் செலக்டில் இருக்கிறது, இந்திய விலை 99 ரூபாய். வரியை இப்போதைக்கு விடு. வெளிநாட்டு 40 பேரில் 75 டொலர். இந்திய 50 பேரில் பிரதிக்கு 59.50 ஆக 2,975 இந்திய ரூபாய், டொலருக்கு 85 என்று மாற்றினால் 35 டொலர். இலங்கையில் பத்தரை டொலர். எல்லாம் சேர்த்து 120 டொலர். டொலர் 300 ரூபா என்று பார்த்தால் வருஷத்துக்கு 36,000 ரூபா.

உன் தாளில் உள்ள தொகைக்கு முன்னால் அது சின்னதாகத் தெரியும். ஆனால் 2024 செப்டெம்பரில் வர்த்தமானியில் வந்த 1,350 ரூபா நாட்சம்பளத்தில் அம்மா அப்போது மலையில் நின்றிருந்தால், அந்தக் காசுக்கு 26 நாளுக்கு மேல் கொழுந்து எடுத்திருக்க வேண்டும். எழுதி வைத்ததில் இருந்து வருஷா வருஷம் அப்படி ஒரு தொகை வரும் என்றால் நான் அதைச் சின்னதாக நினைக்க மாட்டேன். டியூஷனை விடும் அளவுக்கு அது காணாது, அவ்வளவுதான் நான் சொல்வது.

இதே 100 பேரை வைத்துக்கொண்டு தொகையைக் கூட்டவும் வழி இருக்கிறது. விலை. அமேசனில் ஒவ்வொரு நாட்டுக் கடைக்கும் தனி விலை வைக்கலாம். இந்தியாவில் 99ஐ அப்படியே விடு. வெளிநாட்டுக்கு 4.99 டொலர் வை. அனுப்பும் செலவு போக பிரதிக்கு 3.28 கிடைக்கும். 2.99இல் 100 பேர் வாங்கித் தரும் காசை 4.99இல் 58 பேர் தந்துவிடுவார்கள். 40 பேர் 30 ஆகக் குறைந்தாலும் உனக்கு 98 டொலர், முன்பு வந்தது 75. ரொறன்ரோவில் இருந்து தன் முன்னோர் நடந்து வந்த பாதையைத் தேடும் பிள்ளை இரண்டு டொலருக்காகப் பின்வாங்காது. இங்கே இருப்பவர்களுக்கு 4.99 என்பது 1,500 ரூபா, கட்டாயம் பாரம். அவர்களுக்கு அச்சுப் புத்தகம் போடுவோம். சின்னப் பதிப்பாக 200, 300 பிரதி. மாசி மகத்துக்கு முத்துமாரியம்மன் தேர் பார்க்க வெளிநாட்டில் இருந்து வருபவர்களும் கையில் வாங்கிக்கொண்டு போவார்கள்.

ஆனால் தம்பி, விலையை விடப் பெரிய விஷயம் நீ எதை எழுதுகிறாய் என்பது. காதல் கதையும் திகில் கதையும் சென்னையில் இருந்து நாள்தோறும் கிண்டிலுக்கு வந்துகொண்டிருக்கின்றன. 2016 டிசெம்பரில் கிண்டில் தமிழ்ப் புத்தகங்களுக்குக் கடை திறந்த பிறகும், 2018இலும் 2019இலும் அமேசனின் பென் டு பப்ளிஷ் எழுத்துப் போட்டி தமிழைச் சேர்த்த பிறகும் அந்த வெள்ளம் கூடிவிட்டது. அதற்குள் நீ போய் நின்றால் யார் கண்ணிலும் படமாட்டாய். உன்னிடம் இருப்பது வேறு யாரிடமும் இல்லாதது. 2023இல் மலையகம் 200 நடைபயணம் ஜூலை 28 தலைமன்னாரில் புறப்பட்டு ஆகஸ்ட் 12 மாத்தளைக்கு வந்ததே, நீ தம்புள்ளையில் இருந்து கூட நடந்து, வழிநெடுக வயதானவர்களிடம் கேட்டு எழுதிய குறிப்புகள் இருக்கின்றனவே, அதுதான் உன் புத்தகம். கோப்பித் தோட்டக் காலத்தில் நம்ம ஆட்கள் காட்டு வழியாக நடந்து வந்த அந்தப் பாதையின் மறு முனை மாத்தளை. அதை மாத்தளையில் பிறந்த ஒருவன் எழுத வேண்டும் என்று எனக்கு வெகு நாளாக ஆசை.

அதற்கு வாசகர் எங்கே என்று கேட்பாய். 1964 சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்தியாவுக்குப் போக வேண்டும் என்று ஒதுக்கிய தொகை 5,25,000 பேர். போனவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று கூடலூரிலும் கோத்தகிரியிலும் இருக்கிறார்கள். படித்தவர்கள், கையில் போன் வைத்திருப்பவர்கள், தாத்தா சொன்ன எல்க்கடுவை எங்கே இருக்கிறது, ரத்தோட்டை எங்கே இருக்கிறது என்று தேடுபவர்கள். நான் இந்தியாவுக்கு 50 என்று போட்டது அவர்களை நினைத்துத்தான். அவர்களுக்கு 99 ரூபாய் பெரிய தொகை இல்லை. உன் புத்தகம் இருப்பது அவர்களுக்குத் தெரிய வேண்டும், அதுதான் வேலை. பெரிய மாமாவின் பிள்ளைகள் கோத்தகிரியில்தானே இருக்கிறார்கள், அவர்களுக்கு முதலில் எழுது. செலக்டில் 90 நாளுக்குள் ஐந்து நாள் இலவசமாகக் கொடுக்கலாம், அந்த ஐந்து நாளையும் அவர்களுக்காகவே செலவழி. அந்த நாட்களில் காசு வராது, ஆனால் பேச்சு வரும். வீட்டு ஆட்களை விமர்சனம் எழுத வைக்காதே, அமேசன் அதை அனுமதிப்பதில்லை.

முந்தித் தோட்டங்களில் பாட்டுப் புத்தகம் விற்றவர்களும் இப்படி வாசகரைத் தேடித்தான் போனார்கள். தொழிற்சங்கத் தலைவர் கோ. நடேசய்யரின் மனைவி மீனாட்சி அம்மாள் தொழிலாளர் படும் பாட்டைப் பாட்டாகக் கட்டி, சின்னப் புத்தகமாக அச்சடித்து, கூட்டங்களில் தானே பாடினார். யார் கேட்பார்கள் என்று தெரிந்து எழுதிய எழுத்து அது.

ஒரு புத்தகத்தோடும் நிற்காதே. முதல் புத்தகம் பிடித்தவர் அடுத்ததைத் தேடும்போது ஒன்றும் இல்லாவிட்டால் அந்த வாசகர் போய்விடுவார். பாதையைப் பற்றி ஒன்று, தோட்டங்களின் பெயர்களும் கோயில்களும் ஒன்று, அம்மாவிடமும் மற்றப் பெரியவர்களிடமும் கேட்ட பாட்டும் பழமொழியும் ஒன்று என்று பிரி. ஒவ்வொன்றின் கடைசிப் பக்கத்திலும் மற்றவற்றின் பெயரைப் போடு. மாத்தளை என்ற சொல் தலைப்பிலோ துணைத் தலைப்பிலோ இருக்கட்டும். மாத்தளை சோமு, மாத்தளை கார்த்திகேசு, மாத்தளை வடிவேலன், மாத்தளை மலரன்பன் என்று இத்தனை பேர் ஊரைப் பெயரோடு சேர்த்துக்கொண்ட மண் இது. வெளியில் இருக்கும் நம்ம ஆட்கள் தேடுவதும் ஊர்ப் பெயரைத்தான். தேடுசொல்லுக்கு ஏழு இடம் தருவார்கள், அதில் ஊர்ப் பெயர்களை ஆங்கில எழுத்திலும் எழுது. தமிழ் வாசகர் பலர் போனில் அப்படித்தான் தேடுகிறார்கள்.

அச்சகத்தில் அடித்துக் கொடுத்த கோப்பு பாமினி எழுத்துருவில் இருக்கும். அதை அப்படியே ஏற்றினால் தமிழே தெரியாது, ஆங்கில எழுத்துக் குவியல்தான் வரும். யூனிகோடுக்கு மாற்றிவிட்டு ஒவ்வொரு வரியாக வாசிக்க வேண்டும். கொம்பும் காலும் இடம் மாறும், இடையில் உள்ள ஆண்டுகளும் ஆங்கிலச் சொற்களும் கெடும். அந்த வாசிப்பை நான் செய்கிறேன், நீ பள்ளிக்கூட வேலையைப் பார்.

புத்தகம் ஏற்றுவதற்கு முன்பே இரண்டு அலுவல் முடிக்க வேண்டும். ஒன்று, உள்நாட்டு இறைவரித் திணைக்களத்தின் வரி இலக்கம். கணக்குத் திறக்கும்போது அமெரிக்க வரிப் படிவம் கேட்பார்கள். இலக்கத்தைக் கொடுத்து, இலங்கைக்கும் அமெரிக்காவுக்கும் உள்ள வரி ஒப்பந்தச் சலுகையைக் கோரினால் அமெரிக்க விற்பனையின் ரோயல்டியில் 10 வீதம் பிடிப்பார்கள். கோராவிட்டால் 30 வீதம். இரண்டு, வங்கி. வெளிநாட்டில் இருந்து சிறு சிறு தொகையாக வந்தால் ஒவ்வொரு தடவையும் எவ்வளவு கழிப்பார்கள் என்று மனேஜரிடமே கேள். ஒரு மாத விற்பனையின் பணம் அந்த மாதம் முடிந்து ஏறக்குறைய 60 நாளைக்குப் பிறகுதான் புறப்படும், ஒவ்வொரு கடையின் பணமும் தனித்தனியாக. காசோலையாக எடுப்பது என்றால் குறைந்தபட்சத் தொகை சேரும் வரை காத்திருக்க வேண்டும். சித்திரைக்கு விற்றதை நம்பி சித்திரைக்கே செலவுக்கு எடுக்க முடியாது.

அந்த 75,000 ரூபாவைப் பற்றிக் கடைசியாகச் சொல்கிறேன், ஏனென்றால் அதுதான் என்னைத் தூங்க விடவில்லை. அது 250 டொலர். பிரதிக்கு 1.88 டொலர் என்று 133 வெளிநாட்டுப் பிரதி விற்றால்தான் அந்தக் காசு மட்டும் திரும்பி வரும். என் கணக்குப்படி அது மூன்று வருஷத்துக்கும் மேலான வெளிநாட்டு வாசகர்கள். அந்தக் கம்பனிக்காரர் உன் புத்தகத்தை வாசிக்கவே இல்லை, கூடலூர் எங்கே என்று அவருக்குத் தெரியாது, எத்தனை பிரதி விற்கும் என்று எழுத்தில் தரவும் இல்லை. கட்டாதே. சங்கிலி அம்மாவின் கழுத்தில் இருக்கட்டும். அட்டைப் படத்துக்கு மட்டும் நல்ல ஓவியர் ஒருவருக்குக் காசு கொடு, அதை நான் தருகிறேன்.

தைப்பொங்கல் லீவுக்கு வரும்போது நடைபயணக் குறிப்புக் கொப்பிகளையும், பென் டிரைவில் பாமினிக் கோப்பையும் கொண்டு வா. படங்களில் முகம் தெரிகிறவர்களிடம் சம்மதம் வாங்கிவிட்டாயா என்றும் எழுது. நாவுலையில் நீ பேசிய பாட்டியின் மகன் நம்ம டவுனில்தான் கடை வைத்திருக்கிறார், அவரிடம் நான் கேட்டு வைக்கிறேன். கொப்பியில் வாசகர் பெயர்களை எழுதத் தொடங்கியதும் எத்தனை வந்தது என்று எனக்குப் போன் எடு.

அன்புடன்,
அக்கா